நாள்களை எண்ண வேண்டியவர் யார்?

அசாமின் மோரிகாவ் பகுதியைச் சேர்ந்த பழங்குடி மனிதர் மசாங் லாலுங். 1951-இல் கைதானபோது அவருக்கு வயது 23. ஆயுதத்தால் கொடுங்காயம் விளைவித்தார் என்பது வழக்கு. மனநலம் சரியில்லை என்று தேஜ்பூர் மனநல மருத்துவமனைக்கு அனுப்பிவைத்தார்கள். 1967-இல் குணமாகிவிட்டார் என்று மருத்துவர்கள் சான்று கொடுத்தார்கள். அதன் பிறகும் அவரை வீட்டுக்கு அனுப்பவில்லை. வழக்கு விசாரணையும் நடக்கவில்லை. தேசிய மனித உரிமை ஆணையத்தின் கவனத்துக்கு விஷயம் வந்து, 2005 ஜூலையில் அவர் வெளியே வந்தபோது வயது 77. ஒரு ரூபாய் சொந்தப் பிணையில் விட்டார்கள். நாட்டின் முதல் பொதுத்தேர்தல் முடியும் முன்பே உள்ளே போனவர், 14 மக்களவைத் தேர்தல்கள் முடிந்த பிறகு வெளியே வந்தார்.

இந்த மனிதரை 54 ஆண்டுகள் அடைத்து வையுங்கள் என்று எந்த நீதிபதியும் தீர்ப்பு எழுதவில்லை. அவரை வெளியே விடச் சொல்லும் பொறுப்பு எந்த ஒருவர் தலையிலும் விழவில்லை, நடந்தது அவ்வளவுதான். காவல் துறை மருத்துவமனையைப் பார்த்தது, மருத்துவமனை சிறையைப் பார்த்தது, சிறை நீதிமன்றத்தைப் பார்த்தது. நாள்களை எண்ணிக்கொண்டிருந்தவர் உள்ளே இருந்தவர் மட்டும்தான். அவர் எண்ணியது வெளியே யாருக்கும் கேட்கவில்லை.

விசாரணை முடியாமல் நெடுநாள் சிறையில் கிடப்பவர்களுக்குப் பிணை வழங்குவது பற்றி இந்தியாவில் கடந்த அரை நூற்றாண்டாகப் பேசிவருகிறோம். தீர்ப்புகளுக்குக் குறைவில்லை, சட்டத்திருத்தங்களும் வந்தன. ஆனால் கைதியின் நாள்களைக் கணக்குப் பார்த்து, உரிய தேதியில் அவரை வெளியே அனுப்ப வேண்டிய பொறுப்பு யாருடையது என்ற கேள்விக்கு மட்டும் இன்றுவரை உறுதியான விடை இல்லை. இந்தக் கட்டுரை அந்தக் கேள்வியைப் பின்தொடர்கிறது.

நான்கில் மூன்று பேர்

தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022-ஆம் ஆண்டுச் சிறைப் புள்ளிவிவரப்படி இந்தியச் சிறைகளில் இருந்தவர்கள் 5,73,220 பேர். அவர்களில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள், அதாவது 75.8 சதவீதம். தண்டனை பெற்றவர்களை அடைப்பதற்கென்று நாம் நினைத்துக்கொண்டிருக்கும் சிறையில், நான்கில் மூன்று பேர் குற்றவாளி என்று எந்த நீதிமன்றமும் சொல்லாதவர்கள். அந்த ஆண்டில் எல்லாச் சிறைகளின் மொத்தக் கொள்ளளவு 4,36,266. விசாரணைக் கைதிகள் மட்டுமே ஏறக்குறைய அந்த இடம் முழுவதையும் நிரப்பிவிட்டார்கள். தண்டனைக் கைதிகளும் சேர, 100 பேர் இருக்க வேண்டிய இடத்தில் 131 பேர்.

இவர்களில் பெரும்பாலோர் ஓராண்டுக்குள் வெளியே வந்துவிடுகிறார்கள் என்பது உண்மைதான். ஆனால் 11 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் ஐந்து ஆண்டுகளைத் தாண்டியும் விசாரணைக் கைதிகளாகவே இருந்தார்கள். சாதிவாரியாகப் பார்த்தால் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கினர் பட்டியல் சாதி, பழங்குடி, பிற பிற்படுத்தப்பட்ட வகுப்பினர். பெரும்பாலோர் பத்தாம் வகுப்பைத் தாண்டாதவர்கள். குற்றத்தின் கடுமையை வைத்து மட்டும் இந்தப் பட்டியல் உருவாகிவிடவில்லை. யாரால் வக்கீல் வைக்க முடியும், யாரால் ஜாமீன்தாரர் காட்ட முடியும் என்பதும் சேர்ந்துதான் யார் உள்ளே, யார் வெளியே என்று தீர்மானிக்கிறது.

காலம் நீள்வதற்கு நீதிமன்றங்களின் ஆள்பற்றாக்குறையும் காரணம். 10 லட்சம் மக்களுக்கு 50 நீதிபதிகள் வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987-இல் பரிந்துரைத்தது. அதில் பாதி எண்ணிக்கையைக்கூட நாம் இன்னும் தொடவில்லை. சாட்சி வரவில்லை, வழிக்காவலுக்குப் போலீஸ் இல்லை, தடயவியல் அறிக்கை வரவில்லை, அரசு வழக்கறிஞர் மாறிவிட்டார் என்று வாய்தாவுக்குமேல் வாய்தா விழுகிறது. வாய்தா வாங்கும் எந்தத் தரப்பும் அதற்கு விலை கொடுப்பதில்லை. விலை கொடுப்பவர் சிறைக்குள் இருப்பவர்.

பீகாரில் திறந்த கதவு

இந்தக் கேள்வியை நாட்டின் முன் வைத்தவர் ஒரு போலீஸ் அதிகாரி. எல்லைப் பாதுகாப்புப் படையின் தலைவராக இருந்து, பிறகு தேசியப் போலீஸ் ஆணையத்தின் உறுப்பினரான கே.எஃப். ருஸ்தம்ஜி, பீகார் சிறைகளைப் பார்த்துவிட்டு வந்து 1979 ஜனவரியில் ‘இந்தியன் எக்ஸ்பிரஸ்’ நாளிதழில் எழுதினார். அந்தக் கட்டுரைகளைக் கையில் வைத்துக்கொண்டு வழக்கறிஞர் புஷ்பா கபிலா ஹிங்கோரானி உச்ச நீதிமன்றத்தின் படியேறினார். அதுதான் ஹுசைனாரா கத்தூன் வழக்கு.

நீதிபதி பி.என். பகவதி தலைமையிலான அமர்வின் முன் வந்த பட்டியலில் 5, 7, 9 ஆண்டுகளாக, சிலர் பத்தாண்டுகளுக்கும் மேலாக, விசாரணையின்றிக் கிடந்தார்கள். செய்ததாகச் சொல்லப்பட்ட குற்றத்துக்கு உச்சபட்சத் தண்டனையே விதித்திருந்தாலும் எப்போதோ விடுதலையாகியிருக்க வேண்டியவர்கள் அவர்களில் இருந்தார்கள். எந்தக் குற்றமும் செய்யாமல், குற்றத்தால் பாதிக்கப்பட்டவர்கள் என்பதற்காகப் ‘பாதுகாப்புக் காவலில்’ வைக்கப்பட்ட பெண்களும் இருந்தார்கள். விரைவான விசாரணை என்பது அரசமைப்பின் 21-ஆவது பிரிவு தரும் உயிர்வாழும் உரிமையின் பகுதி என்று நீதிமன்றம் அறிவித்தது. ஊரில் வேரூன்றிய, ஓடிப்போக வழியில்லாத ஏழைகளைச் சொந்தப் பிணையிலேயே விடலாம் என்றது. அந்த வழக்கின் தொடர்ச்சியாகச் சுமார் 40,000 பேர் விடுதலையானதாகக் கணக்கு.

அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பே, 1977-இல், நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் ராஜஸ்தான் மாநில வழக்கொன்றில் பிணைதான் பொதுவிதி, சிறை அதற்கு விலக்கு என்று வகுத்துத் தந்திருந்தார். குற்றம் சாட்டப்பட்டவர் விசாரணைக்கு வருவாரா, சாட்சிகளைக் கலைப்பாரா, மீண்டும் குற்றம் செய்வாரா என்ற மூன்று கேள்விகளுக்கு அப்பால் பிணையை மறுக்கக் காரணம் தேடக் கூடாது என்பது அதன் சாரம். இன்று சட்டக் கல்லூரி முதலாண்டு மாணவருக்கும் இது மனப்பாடம். ஆனால் ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பதைக் கீழமை நீதிமன்றங்களின் பிணை மனுப் பட்டியல் தினமும் காட்டுகிறது.

நாடாளுமன்றத் தரப்பிலிருந்து வந்த முக்கியமான மாற்றம் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 436-ஏ பிரிவு. 2005 திருத்தத்தால் சேர்க்கப்பட்டு 2006 ஜூன் 23 முதல் நடைமுறைக்கு வந்தது. உச்சபட்சத் தண்டனையில் பாதிக் காலத்தை விசாரணைக் கைதியாகவே கழித்துவிட்டவரைப் பிணையில் விட வேண்டும் என்றது அது. மரண தண்டனைக்குரிய குற்றங்களுக்கு மட்டும் விலக்கு. எழுத்தில் கச்சிதமான சட்டம். ஆனால் எட்டு ஆண்டுகள் கழித்து, 2014 செப்டம்பரில், பீம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு விசித்திரமான உத்தரவைப் போட வேண்டியிருந்தது. இரண்டு மாதங்களுக்கு வாரம் ஒருமுறை நீதித்துறை நடுவர்கள் தாங்களே சிறைக்குப் போய் உட்கார்ந்து, பாதிக் காலம் முடித்தவர்கள் யார் என்று கண்டுபிடித்து விடுவிக்க வேண்டும் என்றது அந்த உத்தரவு. சட்டப்படி வெளியே இருக்க வேண்டியவர்களைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது என்றால், அதுவரை அவர்களின் தேதியை யாரும் பார்க்கவில்லை என்றுதானே பொருள்?

சாமி வரம் கொடுத்த பிறகு

சட்டநூல் பிணை என்கிறது. நீதிமன்ற வராந்தாவில் அது ஜாமீன், அல்லது பெயில். ‘பெயில் ஆகிவிட்டது’ என்று வக்கீலின் குமாஸ்தா வந்து சொன்னதும் குடும்பம் கும்பிடுகிறது. கதையில் பாதிதான் அங்கே முடிகிறது.

தமிழ்நாட்டு நீதிமன்றங்களில் பிணை உத்தரவின் வழக்கமான வாசகத்தைப் பார்ப்போம். பத்தாயிரம் ரூபாய்க்குச் சொந்தப் பிணைப் பத்திரம்; அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர்கள்; பல நேரம் அவர்களில் ஒருவர் இரத்த உறவாக இருக்க வேண்டும். ஜாமீன்தாரரின் புகைப்படமும் இடது கைப் பெருவிரல் ரேகையும் பத்திரத்தில் இருக்க வேண்டும். ஆதார் அல்லது வங்கிப் பாஸ்புத்தக நகல் வேண்டும். கூடவே ரேஷன் அட்டை, வீட்டு வரி ரசீது, சில இடங்களில் சொத்து மதிப்புச் சான்று. சான்றுக்காகக் கிராம நிர்வாக அலுவலரைத் தேடிப் போனால் அவர் தாலுகா ஆபீசில் கூட்டத்தில் இருக்கிறார். ஜாமீன்தாரராக வர ஒப்புக்கொண்ட சித்தப்பா ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வருகிறார். அன்றைக்கு நடுவர் விடுப்பு. எல்லாம் கூடிவந்து கையெழுத்தாகி, விடுதலை உத்தரவு சிறைவாசலுக்குப் போய்ச் சேரும்போது மாலை பூட்டும் நேரம் தாண்டியிருந்தால், அந்த மனிதர் இன்னொரு இரவு உள்ளே. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்கவில்லை என்பது இதற்காகவே சொன்னதுபோல் இருக்கிறது.

சொந்த ஊர்க்காரருக்கே இந்த அலைச்சல் என்றால், திருப்பூர் பனியன் கம்பெனியில் வேலை பார்க்கும் ஒடிசா இளைஞர் ஒரு அடிதடி வழக்கில் சிக்கினால் இரத்த உறவுக்கு எங்கே போவார்? வேறு வழியில்லாமல், காசு வாங்கிக்கொண்டு ஜாமீன் நிற்கும் ஆள்களைப் பிடித்துத் தரும் தரகர்களிடம் போகிறார்கள். ஓடிப்போகாமல் இருக்க ஊர் உறவு உத்தரவாதம் தர வேண்டும் என்று நினைத்து வைத்த விதி, முன்பின் தெரியாத ஒருவரின் வாடகைக் கையெழுத்தில் போய் முடிகிறது.

இதுவும் புதிய நோய் அல்ல. 1978-இல் மோதி ராம் என்ற கொத்தனாருக்கு உச்ச நீதிமன்றமே பிணை வழங்கி, தொகையை நிர்ணயிக்கும் பொறுப்பைக் கீழ் நீதிமன்றத்திடம் விட்டது. அங்கே பத்தாயிரம் ரூபாய்க்கு ஜாமீன் கேட்டார்கள். அவருடைய சகோதரர் முன்வந்தபோது, அவருக்குச் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று தள்ளிவிட்டார்கள். வழக்கு மறுபடி டெல்லிக்குப் போனது. மாவட்ட எல்லையைக் காட்டி ஜாமீன்தாரரை ஒதுக்கச் சட்டத்தில் இடமில்லை என்று சொன்ன கிருஷ்ணய்யர், ஆயிரம் ரூபாய் சொந்தப் பிணையில் அவரை விடச் சொன்னார். ஒரு கொத்தனார் வெளியே வர நாட்டின் உச்ச நீதிமன்றம் இரண்டு முறை உத்தரவிட வேண்டியிருந்தது.

அதற்கு 46 ஆண்டுகள் கழித்து, 2024 ஆகஸ்டில், கிரிஷ் காந்தி என்பவரின் வழக்கு வந்தது. 13 வழக்குகளில் அவருக்குப் பிணை கிடைத்திருந்தது. ஆனால் ஒவ்வொரு வழக்குக்கும் தனித்தனி ஜாமீன்தாரர் என்று கணக்குப் போட்டதில் 22 பேர் தேவைப்பட்டார்கள். நம்மில் யாருக்காவது நமக்காக நீதிமன்றம் ஏறிக் கையெழுத்துப் போட 22 பேர் இருக்கிறார்களா? நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விஸ்வநாதன் அமர்வு, ஒரே ஜாமீன்தாரர்கள் பல வழக்குகளுக்கும் போதும் என்று தளர்த்தியது. கையால் கொடுத்துவிட்டுக் காலால் தட்டிவிடும் பிணை பிணையே அல்ல என்பது அதன் தொனி.

எத்தனை பேர் இப்படி வரம் கிடைத்தும் கோயிலுக்குள்ளேயே நிற்கிறார்கள்? 2022 நவம்பர் 26, அரசமைப்பு நாள் விழாவில் குடியரசுத் தலைவர் திரௌபதி முர்மு, சின்னச் சின்ன வழக்குகளில் ஆண்டுக்கணக்கில் சிறையில் கிடக்கும் ஏழைகளைப் பற்றி நீதிபதிகளின் முன்னிலையில் உருக்கமாகப் பேசினார். அதையடுத்து எடுத்த கணக்கில், பிணை கிடைத்தும் வெளியேற முடியாத விசாரணைக் கைதிகள் சுமார் 5,000 பேர் என்று தேசியச் சட்டப் பணிகள் ஆணையம் தெரிவித்தது. 2023 ஜனவரி 31-இல் உச்ச நீதிமன்றம் சில கட்டளைகளை இட்டது. பிணை உத்தரவின் நகலை அன்றோ மறுநாளோ மின்னஞ்சலில் சிறைக்கு அனுப்ப வேண்டும். ஏழு நாளில் கைதி வெளியேறாவிட்டால் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும். ஒரு மாதத்தில் பத்திரம் தர முடியாவிட்டால் நீதிமன்றம் தானாகவே எடுத்து நிபந்தனையைத் தளர்த்தலாமா என்று பார்க்க வேண்டும். உள்ளூர் ஜாமீன்தாரரை வற்புறுத்தக் கூடாது. அதே ஆண்டில் மத்திய அரசு, ஏழை விசாரணைக் கைதி ஒருவருக்கு 40,000 ரூபாய் வரை பிணைத்தொகை தரும் திட்டத்தையும் கொண்டுவந்தது.

இந்தக் கட்டளைகளில் ஒரு புதிய தன்மை இருக்கிறது. கைதி கேட்க வேண்டும் என்று அவை காத்திருக்கவில்லை. ஏழாவது நாளும் முப்பதாவது நாளும் தாமாக மணி அடிக்க வேண்டும் என்கின்றன. சரியான திசை இதுதான். மணி அடிக்காவிட்டால் யார் பதில் சொல்வது என்பதுதான் மிச்சம்.

பூட்டுக்குமேல் பூட்டு

சாதாரண வழக்குகளின் கதை இப்படி. சிறப்புச் சட்டங்களின் கதை வேறு. போதைப்பொருள் தடுப்புச் சட்டம், பணமோசடித் தடுப்புச் சட்டம், ஊபா எனப்படும் சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டம் ஆகியவற்றில் பொதுவிதி தலைகீழாகிறது. ஊபாவின் 43டி(5) பிரிவு 2008-இல் மும்பைத் தாக்குதலுக்குப் பிறகு சேர்க்கப்பட்டது. குற்றச்சாட்டு முதல்பார்வைக்கு உண்மை என்று தோன்றினாலே பிணை கிடையாது. 2019-இல் வட்டாலி வழக்கின் தீர்ப்பு, பிணைக் கட்டத்தில் அரசுத் தரப்பு ஆவணங்களை ஆழமாக உரசிப் பார்க்கக் கூடாது என்றதும் அந்தப் பூட்டு மேலும் இறுகியது. சாதாரண வழக்கில் 60 அல்லது 90 நாளில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யாவிட்டால் பிணை உரிமையாகிவிடும். ஊபாவில் அந்தக் கெடு 180 நாள்வரை நீளலாம்.

திருச்சி மாவட்டத்தில் பிறந்த இயேசு சபைப் பாதிரியார் ஸ்டான் சுவாமி ஜார்க்கண்டில் பழங்குடிகளிடையே வாழ்ந்தவர். நக்சல் என்ற பெயரில் விசாரணையின்றி அடைபட்ட பழங்குடி இளைஞர்களுக்காக ஆய்வு நடத்தி நீதிமன்றம் போனவர். பீமா கோரேகாவ் வன்முறை தொடர்பான ஊபா வழக்கில் 2020 அக்டோபர் 8-இல் அவரே கைதானார், வயது 83. பார்க்கின்சன் நோயால் கை நடுங்கும். டம்ளரைப் பிடித்துக் குடிக்க முடியாது. உறிஞ்சுகுழாயும் அதற்கேற்ற குவளையும் கேட்டு நீதிமன்றத்தில் மனுப் போட்டார். பதில் தர அரசுத் தரப்பு எடுத்துக்கொண்டது 20 நாள். 2021 ஜூலை 5-இல் மும்பை உயர் நீதிமன்றத்தில் அவருடைய பிணை மனு விசாரணைக்கு வந்தபோது, அவர் அன்று மதியம் இறந்துவிட்டார் என்று மருத்துவர் தெரிவித்தார். விசாரணை தொடங்கவே இல்லை. தண்டனை முடிந்துவிட்டது.

இந்தப் பூட்டுக்கு ஒரு மாற்றுச் சாவி அதே ஆண்டு பிப்ரவரி 1-இல் கே.ஏ. நஜீப் வழக்கில் கிடைத்தது. கேரளப் பேராசிரியர் ஒருவரின் கை வெட்டப்பட்ட வழக்கு அது. லேசான குற்றம் அல்ல. நஜீப் ஐந்து ஆண்டுகளுக்குமேல் உள்ளே இருந்தார். இன்னும் 276 சாட்சிகள் பாக்கி. விசாரணை நியாயமான காலத்தில் முடியாது என்று தெரியும்போது 43டி(5) எவ்வளவு கடுமையானதாக இருந்தாலும் அரசமைப்பின் 21-ஆவது பிரிவு அதற்கு மேலானது என்று மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது. குற்றம் பெரிதா சிறிதா என்ற கேள்வியிலிருந்து, காலம் எவ்வளவு என்ற கேள்விக்கு நீதிமன்றம் நகர்ந்த இடம் அது.

பணமோசடி வழக்குகளில் இதே வாதம் 2024-இல் வலுப்பெற்றது. டெல்லியின் முன்னாள் துணை முதல்வர் மனீஷ் சிசோடியா 17 மாதங்கள் உள்ளே இருந்த நிலையில், 493 சாட்சிகள் காத்திருக்க, ஆகஸ்ட் 9-இல் பிணை பெற்றார். செப்டம்பர் 26-இல் தமிழ்நாட்டின் முன்னாள் அமைச்சர் செந்தில் பாலாஜி வழக்கு. போக்குவரத்துக் கழக வேலைக்குப் பணம் வாங்கியதாகச் சொல்லப்படும் மூல வழக்குகளில் 2,000-க்கும் மேற்பட்ட குற்றம்சாட்டப்பட்டவர்கள், 600 சாட்சிகள். இது எப்போது முடியும்? பிணைக்குக் கடுமையான நிபந்தனையும் விசாரணைக்கு இழுத்தடிப்பும் ஒன்றாக இருக்க முடியாது என்று நீதிபதி அபய் எஸ். ஓகா அமர்வு சொன்னது. 15 மாதங்களுக்குப் பிறகு அவர் வெளியே வந்தார்.

ஆனால் இந்தச் சாவி எல்லார் பூட்டையும் திறப்பதில்லை. 2024 பிப்ரவரியில் குர்விந்தர் சிங் வழக்கில், ஊபாவைப் பொறுத்தவரை சிறையே விதி, பிணை விலக்கு என்றது உச்ச நீதிமன்றத்தின் ஓர் அமர்வு. அதே ஆண்டு ஆகஸ்டில் ஜலாலுதீன் கான் வழக்கில், சிறப்புச் சட்டத்திலும் பிணையே விதி என்றது இன்னோர் அமர்வு. டெல்லிக் கலவர வழக்கில் 2020-இல் கைதானவர்களில் ஐவருக்கு 2026 ஜனவரி 5-இல் பிணை கிடைத்தது. உமர் காலித், ஷர்ஜீல் இமாம் இருவருக்கும் ஐந்து ஆண்டுகளைத் தாண்டியும் மறுக்கப்பட்டது. எந்த அமர்வு என்பதைப் பொறுத்து ஒரு மனிதனின் ஐந்தாண்டுக்கு எடை மாறுகிறது என்றால், அங்கே விதி இன்னும் உருவாகவில்லை.

தமிழ்நாட்டுக்கென்று தனியாக ஒரு பூட்டும் உண்டு. 1982-ஆம் ஆண்டின் 14-ஆவது சட்டம். எல்லாருக்கும் தெரிந்த பெயரில் குண்டாஸ். மூல வழக்கில் பிணை கிடைக்கப்போகிறது என்று தெரிந்ததும் சிறையிலேயே அந்தச் சட்டத்தின் தடுப்புக் காவல் ஆணையைக் கையில் கொடுப்பது பழகிப்போன நடைமுறை. ஓராண்டுவரை விசாரணையே தேவையில்லை.

எதிர்த்தரப்பின் நியாயம்

பிணையைத் தாராளமாக்கக் கூடாது என்பவர்களின் வாதத்தை ஒதுக்கிவிட முடியாது. ஊரில் ஆதிக்க சாதிக்காரர் ஒருவர் தலித் குடியிருப்பைத் தாக்கிய வழக்கில் வெளியே வந்தால், சாட்சி சொல்ல வேண்டியவர் அவர் தோட்டத்தில் கூலிக்குப் போக வேண்டியவராக இருக்கலாம். பாலியல் வழக்கில் குற்றம்சாட்டப்பட்டவர் அதே தெருவில் நடமாடுவதைப் பார்க்கும் பெண்ணின் அச்சம் கற்பனை அல்ல. பிணை விசாரணையில் பாதிக்கப்பட்டவரையும் கேட்க வேண்டும் என்று வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 15-ஏ பிரிவில் உரிமை தந்திருப்பது இதனால்தான். தாமதத்தைத் தானே உண்டாக்கிவிட்டு அதையே காட்டிப் பிணை கேட்கும் பணக்காரக் குற்றவாளிகளும் உண்டு.

இவற்றுக்கெல்லாம் பதில் கால வரம்பில்லாத காவல் அல்ல. செந்தில் பாலாஜி பிணையில் வந்த மூன்றாம் நாளே மீண்டும் அமைச்சரானார். சாட்சிகள் அஞ்சுவார்கள் என்று புகார் போனது. பதவியா, பிணையா என்று உச்ச நீதிமன்றம் கேட்டது. 2025 ஏப்ரலில் அவர் பதவி விலகினார். பிணையை நிபந்தனைக்கு உட்படுத்தவும் மீறினால் ரத்து செய்யவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் இருக்கிறது. சாட்சி அஞ்சினால் சாட்சியைப் பாதுகாக்க வேண்டும். அவரை முதலில் விசாரித்து வாக்குமூலத்தைப் பதிவு செய்ய வேண்டும். பத்து ஆண்டுகள் இழுத்த பிறகு சாட்சிக்கே எதுவும் நினைவில் இருப்பதில்லை. இழுத்தடிப்பு பாதிக்கப்பட்டவருக்கும் அநீதிதான்.

கணக்கைத் தூக்கிச் சுமப்பவர்

இங்கிலாந்தில் பெரிய வழக்குகளுக்கு விசாரணைக்கு முந்தைய காவலின் வரம்பு 182 நாள். அதைத் தாண்டி வைத்திருக்க வேண்டுமானால், தான் சுறுசுறுப்பாக இயங்கியதை அரசுத் தரப்பு நிரூபித்து நீட்டிப்புக் கேட்க வேண்டும். இலங்கையின் 1997-ஆம் ஆண்டுப் பிணைச் சட்டமும் 12 மாதம் என்று கோடு கிழித்திருக்கிறது. ஆனால் பயங்கரவாதத் தடைச் சட்டத்துக்கு அது பொருந்தாது என்பதால் தமிழ் அரசியல் கைதிகள் பல்லாண்டுகள் அந்தக் கோட்டுக்கு வெளியே கிடந்தார்கள். இரண்டு நாடுகளிலிருந்தும் கிடைக்கும் பாடம் ஒன்றே. நாள் கணக்கு அரசின் தோளில் இருந்தால் சிறை காலியாகும். விலக்குகள் பெருகினால் கோட்டுக்கு அர்த்தமில்லை.

2024 ஜூலை 1-இல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 479-ஆவது பிரிவு இந்த இரண்டையும் ஒன்றாகச் செய்திருக்கிறது. முன்பு எந்தக் குற்றத்துக்கும் தண்டனை பெறாதவர் உச்சபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கைக் கழித்தாலே பிணையில் விடப்பட வேண்டும். மற்றவர்களுக்குப் பழையபடி பாதி. காலம் முடிந்ததும் நீதிமன்றத்துக்கு எழுத வேண்டியவர் சிறைக் கண்காணிப்பாளர். 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இதைப் பழைய வழக்குகளுக்கும் பொருத்தியது. கைதியின் தோளிலிருந்து கணக்கு முதன்முறையாகச் சட்டப்படியே இறக்கி வைக்கப்பட்டது. இது பெரிய முன்னேற்றம்.

அதே பிரிவு இன்னொரு கையால் கதவைச் சாத்துகிறது. ஒன்றுக்கு மேற்பட்ட குற்றங்களிலோ பல வழக்குகளிலோ விசாரணை நிலுவையில் இருந்தால் இந்தச் சலுகை இல்லை. ஒரே முதல் தகவல் அறிக்கையில் நான்கைந்து பிரிவுகளைச் சேர்த்து எழுதுவது நம் காவல் நிலையங்களின் அன்றாட வழக்கம் என்பதை நினைத்துப் பார்த்தால், இந்த விலக்கின் வாய் எவ்வளவு பெரியது என்று புரியும்.

செய்ய வேண்டியவை பெரிய புரட்சிகள் அல்ல. முதல் நாள் ரிமாண்ட் உத்தரவிலேயே, மூன்றில் ஒரு பங்கும் பாதியும் முடியும் தேதிகளை நடுவர் எழுதிவிட வேண்டும். 15 நாளுக்கு ஒருமுறை காணொலியில் காவல் நீட்டிப்புக்காகக் கைதியின் முகத்தைப் பார்க்கும்போது, அந்தத் தேதியையும் பார்க்க வேண்டும். தேதி தாண்டினால் கண்காணிப்பாளர் ஏன் எழுதவில்லை என்று எழுத்தில் பதில் சொல்ல வேண்டும். பிணை உத்தரவான ஒரு வாரத்தில் ஜாமீன்தாரர் கிடைக்காவிட்டால் சொந்தப் பிணையாக அது தானே மாற வேண்டும். நஜீப் தீர்ப்பின் அதிகாரம் உயர், உச்ச நீதிமன்றங்களோடு நிற்காமல் விசாரணை நீதிமன்றத்துக்கும் சட்டத்தால் தரப்பட வேண்டும். 479-இன் ‘ஒன்றுக்கு மேற்பட்ட குற்றம்’ என்ற விலக்கு நீக்கப்பட வேண்டும்.

இன்னொரு விலக்கும் இருக்கிறது. பழைய 436-ஏ மரண தண்டனைக் குற்றங்களை மட்டும் ஒதுக்கியது. புதிய 479 ஆயுள் தண்டனை விதிக்கக்கூடிய குற்றங்களையும் ஒதுக்கிவிட்டது. ஆயுதத்தால் கொடுங்காயம் விளைவிப்பதற்குச் சட்டம் சொல்லும் உச்சபட்சத் தண்டனை ஆயுள். ஆகவே மசாங் லாலுங் இன்று கைதாகியிருந்தால், கண்காணிப்பாளர் தயாரிக்க வேண்டிய பட்டியலில் அவர் பெயர் இருக்காது.